சனி, ஞாயிறு எங்கே இருந்தீர்?

துறைமுகத்தின் நான்காம் எண் கிரேனில் ஏற இருநூற்றுப் பன்னிரண்டு படிகள். லிஃப்ட் ஒன்றும் இருக்கிறது. அது கடைசியாக எப்போது ஓடியது என்பதில் கருத்து வேறுபாடு உண்டு. ஓடியதே இல்லை என்பவர்களும் இருக்கிறார்கள். படிகள் முடியும் இடத்தில் ஒரு கண்ணாடி அறை. அதன் நாற்காலியில் உட்கார்ந்தால் இரண்டு கால்களுக்கு நடுவே இருக்கும் தளமும் கண்ணாடிதான். அதற்குக் கீழே நாற்பது மீட்டருக்கு ஒன்றுமில்லை. அதற்கும் கீழே கப்பல்.

அந்த அறைக்குள் இருபத்திரண்டு வருடம் உட்கார்ந்திருந்தவரைத் துறைமுகம் முழுக்கக் கழுகண்ணன் என்றே கூப்பிட்டார்கள். சம்பள நாளில்கூட அந்தப் பெயரைச் சொல்லித்தான் அழைப்பார்கள்.

அவர் வேலையைக் கொஞ்சம் தெரிந்துகொண்டால்தான் பிறகு நடந்தது புரியும். கம்பியில் தொங்கும் முப்பது டன் பெட்டி ஊஞ்சல் மாதிரி ஆடும். புதிதாக வருகிறவர்கள் பயந்துபோய், அது ஆடும் திசைக்கு எதிரே இழுப்பார்கள். ஆட்டம் இரண்டு மடங்காகும். விஷயம் தெரிந்தவர் எதிர்க்கமாட்டார். பெட்டி போகிற பக்கமே தானும் கொஞ்சம் போவார். பெட்டி வீச்சின் கடைசிக்குப் போய் ஒரு கணம் நிற்கும் பாருங்கள், அப்போது அதன் தலைக்கு நேர் மேலே போய் நின்றுவிடுவார். ஆட்டம் அடங்கிவிடும். கழுகண்ணன் வாழ்க்கையில் கற்றது இது ஒன்றுதான். அதுவே அவருக்குப் போதுமானதாக இருந்தது.

ஒரு செவ்வாய்க்கிழமை காலையில் கப்பல் சுற்ற ஆரம்பித்தது. கட்டிப்போட்ட கப்பல் சுற்றாது என்பது அவருக்குத் தெரியும். ஆகவே சுற்றுவது தான்தான் என்று முடிவு செய்தார். தொங்கிக்கொண்டிருந்த பெட்டியைப் பல்லைக் கடித்துக்கொண்டு லாரிமேல் உட்காரவைத்துவிட்டு, வாக்கிடாக்கியில் சொன்னார்: "பெட்டியை இறக்கிட்டேன். இனிமே என்னை யாராவது இறக்குங்கப்பா."

துறைமுக நிறுவனத்தின் தலைமை மருத்துவர் காதுக்குள் விளக்கடித்துப் பார்த்தார். கொத்தனார் வைத்திருக்கும் ரசமட்டம் மாதிரி ஒன்று நம் எல்லோருடைய காதுக்குள்ளும் இருக்கிறது. கழுகண்ணனின் ரசமட்டம் கெட்டுவிட்டது. சான்றிதழ்ப் படிவத்தில், "____ அடிக்கு மேல் பணியாற்றத் தகுதியற்றவர்" என்று அச்சிட்டிருந்தது. கோட்டின்மேல் ஒரு இலக்கத்துக்குத்தான் இடம் இருந்தது. மருத்துவர் கொஞ்சம் யோசித்து "3" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

வெள்ளிக்கிழமை மாலை கிரேன் பிரிவு அவரை விடுவித்தது. திங்கட்கிழமை காலை அவர் தலைமை அலுவலகத்தின் நான்காவது மாடியில், ஆவண அறை உதவியாளராகச் சேர்ந்தார். இத்தகையவர்களுக்காக நிறுவனத்தில் ஒரு விதி இருக்கிறது. ஒரே வரி: மருத்துவக் காரணத்தால் தகுதியிழந்து வேறு பணியில் அமர்த்தப்படும் ஊழியருக்கு, முன்பு பெற்ற சம்பளம் குறையக் கூடாது. இவ்வளவு தெளிவாக எழுதியவர் யாரென்று தெரியவில்லை. அந்த அலுவலகத்தில் அவர் நீடித்திருக்க வாய்ப்பில்லை.

மாதக் கடைசியில் வந்தது பழைய சம்பளத்தில் பாதிகூட இல்லை. நேற்று வேலைக்குச் சேர்ந்தவருக்கான சம்பளம் அது. கழுகண்ணன் சம்பளப் பிரிவுக் கண்காணிப்பாளரிடம் போனார். ஒரு கோப்பினை எப்போதும் மார்போடு அணைத்தபடி நடக்கும் மெலிந்த மனிதர் அவர். பேசும்போது எதிரில் இருப்பவரைப் பார்க்காமல் கோப்பைப் பார்ப்பார்.

"வெள்ளிக்கிழமை சாயங்காலம் கிரேன் பிரிவு உங்களை விட்டாச்சு. திங்கக்கிழமை காலையில ஆவணப் பிரிவு எடுத்துக்கிச்சு. நடுவுல ரெண்டு நாள் இருக்கே. அப்ப நீங்க யாரு?"

"நான்தான் சார்."

"நீங்கன்னா? கிரேன்லயும் இல்ல, ஆவணத்துலயும் இல்ல."

"சனி ஞாயிறு சார் அது. எல்லாருக்கும் லீவு."

"வேலையில இருக்கறவனுக்குத்தான்யா லீவு. உங்களுக்கு எதுலேருந்து லீவு?"

கண்காணிப்பாளர் கனிவாகவே விளக்கினார். சனிக்கிழமை அவர் நிறுவனத்தில் எந்தப் பிரிவிலும் இல்லாததால் பணி முறிந்துவிட்டது. திங்கட்கிழமை வந்தவர் புது ஆள். புது ஆளுக்கு முன்பு பெற்ற சம்பளம் என்று ஒன்று கிடையாது. அந்த இரண்டு நாளும் அவர் நிறுவன ஊழியராகவே இருந்தார் என்பதற்கு ஆதாரம் கொண்டுவந்தால் பரிசீலிக்கலாம்.

"சனி, ஞாயிறு எங்க இருந்தீங்க?"

"வீட்டுல."

"யாராச்சும் பார்த்தாங்களா?"

கழுகண்ணனின் மனைவி ஒரு சினிமா தியேட்டரில் டிக்கெட் கவுண்டரில் இருந்தாள். கவுண்டருக்கு உள்ளே உட்கார்ந்து பழகியவள் என்பதால், அங்கே உட்காருகிறவர்களின் மூளை எப்படி வேலை செய்யும் என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். கேட்டதும் சிரித்தாள்.

"நான் பார்த்தேன்னு எழுதிக் குடுக்கறேன். சனிக்கிழமை பூரா குப்புறப் படுத்துத் தூங்கினீங்க. ஞாயித்துக்கிழமை ஃபேனைத் தொடைக்கறேன்னு முக்காலியில ஏறி, தலை சுத்தி, என் மேல விழுந்தீங்க. என் தோள்பட்டை இன்னும் வலிக்குது, அதையும் சேர்த்து எழுதட்டுமா?"

எழுதிக் கொடுத்தாள். மனைவி நெருங்கிய உறவு என்பதால் சாட்சி செல்லாது என்று பதில் வந்தது. அடுத்த வீட்டுக்காரர் எழுதிக் கொடுத்தார். அவர் பார்த்தது ஒரு மனிதரையா, நிறுவன ஊழியரையா என்று தெளிவுபடுத்தக் கேட்டார்கள். ஞாயிறு காலை முடி வெட்டியவர் எழுதிக் கொடுத்தார். அவர் தலையை மட்டும்தான் பார்த்திருக்கிறார் என்று கோப்பின் ஓரத்தில் குறிப்பு எழுதப்பட்டது. இதற்குள் ஏழு மாதம் ஓடிவிட்டது. மகள் நர்சிங் இரண்டாம் வருடம் படித்துக்கொண்டிருந்தாள். மனைவி இரண்டு ஆட்டத்துக்குப் பதில் நாலு ஆட்டத்துக்கும் கவுண்டரில் உட்கார ஆரம்பித்தாள். அப்படியும் மூன்றாம் வருடத்துக்குப் பணம் கட்ட முடியும்போலத் தெரியவில்லை.

"நான் உங்களுக்கு எதிரி இல்லய்யா," என்றார் கண்காணிப்பாளர் ஒருநாள். "எனக்கு அந்த விதி மேல ரொம்ப மரியாதை. இருபது வருஷமா நான்தான் காப்பாத்திட்டு வர்றேன். ஒருத்தருக்குக்கூடக் கொடுத்ததில்ல. கொடுத்துட்டா என்ன ஆகும்? விதியில இருக்கறதையெல்லாம் எல்லாரும் கேக்க ஆரம்பிச்சிருவாங்க."

சொல்லிவிட்டு, கையிலிருந்த கோப்பினை இன்னும் இறுக்கி அணைத்துக்கொண்டார். கழுகண்ணனுக்கே பாவமாக இருந்தது.

இந்த நேரத்தில்தான் முக்காலிச் சிக்கல் வந்தது. ஆவண அறையின் அலமாரிகள் ஒன்பதடி உயரம். மேல்தட்டுக் கோப்புகளை எடுக்க ஒரு முக்காலி இருந்தது. கழுகண்ணன் ஒழுங்கான ஆள். டேப் வைத்து அளந்தார். மூன்றடி நான்கு அங்குலம். சான்றிதழ்ப்படி அவர் அதில் ஏறக் கூடாது. ஏற முடியாது என்று எழுதிக் கொடுத்தார். அன்று முதல் கீழ்த்தட்டில் கோப்பு இருந்தவர்களுக்கு மட்டுமே அந்த அலுவலகத்தில் பதவி உயர்வு கிடைத்தது.

மேல்தட்டுக்காரர்கள் பொதுமேலாளரிடம் முறையிட்டார்கள். பொதுமேலாளர் சான்றிதழை முதல்முறையாகப் படித்துவிட்டு, ஜன்னல் வழியாகக் கீழே எட்டிப் பார்த்தார்.

"மூணு அடின்னு போட்டிருக்கு. நாம நாலாவது மாடியில இருக்கோமே?"

யாருக்கும் இது தோன்றவில்லை. கூட்டம் கூட்டப்பட்டது. மருத்துவர், கண்காணிப்பாளர், குறிப்பெடுக்கத் தட்டச்சர். கழுகண்ணனைக் கதவருகே நிற்கவைத்தார்கள்.

"நம்ம நிறுவனம் மனிதாபிமானத்துக்குப் பேர் போனது," என்று ஆரம்பித்தார் பொதுமேலாளர். "உடம்பு முடியாமப் போனவங்களை வேற இடத்துல வெளியே அனுப்பிடுவாங்க. நாம அனுப்பறதில்ல. வெளியே அனுப்பியிருந்தா இவர் ஒரு நாள் அழுதிருப்பார், அடுத்த நாள் வேற வேலை தேடிப் போயிருப்பார். நாம உள்ளயே வெச்சிருக்கோம். பதினோரு மாசமா இவருக்கு என்ன செய்யக் கூடாதுன்னு நாலு பேர் தினமும் யோசிக்கிறோம். எந்த நிறுவனத்துல ஒரு கடைநிலை ஊழியருக்கு இவ்வளவு கவனிப்பு கிடைக்கும்?"

மருத்துவர் மேசையைத் தட்டினார். தட்டச்சர் எல்லாவற்றையும் முகத்தில் எந்த மாற்றமும் இல்லாமல் எழுதிக்கொண்டாள்.

மாடியிலிருந்து அவரை இறக்கினால் ஆவண அறையையும் இறக்க வேண்டும். அது ஆகாத காரியம். எனவே மாலைக்குள் ஒரு சுற்றறிக்கை வந்தது: "ஒருவர் எந்தத் தளத்தில் நிற்கிறாரோ, அதுவே அவருக்குத் தரை." கழுகண்ணன் நான்காவது மாடியில் இருந்தாலும் தரையில்தான் இருக்கிறார். பிரச்சினை தீர்ந்தது.

கண்காணிப்பாளர் அன்றிரவு தூங்கியிருக்கமாட்டார் என்றே நினைக்க வேண்டும். மறுநாள் காலை முகம் பளபளவென்றிருந்தது. சுற்றறிக்கையை அவர் மூன்று முறை படித்திருந்தார்.

"கிரேன்ல உங்க ரூமுக்குத் தளம் இருக்கா?"

"இருக்கு சார். கண்ணாடித் தளம்."

"அப்ப அதுவும் தரைதானய்யா! இருபத்திரண்டு வருஷமா நீங்க தரையிலதான் உக்காந்திருந்தீங்க. மூணு அடிக்கு மேல போனதே இல்ல. போகாதவருக்கு எப்படித் தகுதி போகும்?"

அவர் தயாரித்த முன்மொழிவை எளிமையாகச் சொன்னால் இதுதான்: கழுகண்ணன் தகுதியிழக்கவே இல்லை. ஆகையால் சம்பளப் பாதுகாப்பு என்ற பேச்சுக்கே இடமில்லை. வரும் ஒன்றாம் தேதி அவர் மறுபடியும் கிரேனில் ஏற வேண்டும். ஏறாவிட்டால் வேலை போய்விடும்.

அன்று தியேட்டரில் மாலை ஆட்டத்துக்குக் கூட்டமில்லை. கவுண்டரின் ஓட்டை வழியாகக் கழுகண்ணன் விஷயத்தைச் சொன்னார். மனைவி இந்த முறை சிரிக்கவில்லை.

"முக்காலியில ஏறினாலே விழற ஆளு நீங்க. அங்க ஏறினா நீங்க மட்டுமா, அந்த முப்பது டன்னும்ல விழும். கீழ நிக்கறவன் பொண்டாட்டிக்கு யாரு பதில் சொல்றது?" அவள் கொஞ்ச நேரம் டிக்கெட் கட்டைத் தட்டிச் சரிசெய்தாள். "அந்த ஆளுகிட்ட மல்லுக்கு நிக்காதீங்க. நீங்க பெட்டியை எப்படிப் பிடிப்பீங்கன்னு கல்யாணமான புதுசுல எனக்குச் சொல்லி உயிரை வாங்குவீங்களே. அப்படிச் செய்ங்க."

மறுநாள் கழுகண்ணன் ஒரு மனு கொடுத்தார். அதில் எதிர்ப்பே இல்லை. கண்காணிப்பாளரின் கருத்து மிகச் சரியானது, அதை நேரில் ஆய்வு செய்து உறுதிப்படுத்திவிட்டால் தணிக்கையில் யாரும் கேள்வி கேட்க முடியாது என்று எழுதியிருந்தார். கண்காணிப்பாளரை யாரும் இதற்குமுன் அப்படிப் பாராட்டியதில்லை. அவரே தலைமையேற்று ஆய்வுக்குழு அமைத்தார்.

கழுகண்ணன் ஏறுவதற்கு அனுமதியில்லை; சான்றிதழ் இன்னும் ரத்தாகவில்லை. பக்கத்தில் இருந்தால் சாட்சியைக் கலைத்துவிடுவார் என்று அன்றைய கிரேன் ஓட்டுநரையும் தள்ளி நிற்கச் சொன்னார்கள். பொதுமேலாளர் கீழே நின்று ஒட்டுமொத்த மேற்பார்வையை ஏற்றுக்கொண்டார். மருத்துவர் எழுபதாவது படியில், மற்றவர்களின் நாடித்துடிப்பைக் கண்காணிப்பதற்காக உட்கார்ந்துவிட்டார். உச்சிக்குப் போனது கண்காணிப்பாளரும் தட்டச்சரும் மட்டும்.

பத்து நிமிடம் சத்தமில்லை. பிறகு பொதுமேலாளரின் கையிலிருந்த வாக்கிடாக்கி கரகரத்தது. தட்டச்சரின் குரல்.

"சார், கண்காணிப்பாளர் உக்காந்துட்டார்."

"நாற்காலியிலயா?"

"இல்ல சார், கண்ணாடியில. கீழ பார்த்தார், உக்காந்துட்டார். கண்ணைத் திறக்கமாட்டேங்கறார். என் துப்பட்டாவைப் பிடிச்சிருக்கார், அதுவும் விடமாட்டேங்கறார்."

கடலிலிருந்து காற்று அடித்தது. காற்றடித்தால் அந்த அறை லேசாக ஆடும். பழகியவர்களுக்கு அது தெரியாது. வாக்கிடாக்கியில் இப்போது கண்காணிப்பாளரின் குரல் கேட்டது, கோப்பு இல்லாத குரல். "ஆடுது! என்னைக் கீழ இறக்குங்கப்பா! தரைக்கு இறக்குங்க!"

பொதுமேலாளர் வாக்கிடாக்கியைச் சூடான பாத்திரம் மாதிரிக் கழுகண்ணன் கையில் கொடுத்தார்.

"சார், நான்தான் பேசறேன்," என்றார் கழுகண்ணன். "ஆட்டத்தை எதிர்த்து இறுக்கிப் பிடிக்காதீங்க. அது போற பக்கமே உடம்பை விடுங்க. ஆங், அப்படித்தான். இப்பக் கண்ணைத் திறங்க. காலடியைப் பார்க்காதீங்க, தூரத்துல கடலும் வானமும் சேர்ற கோட்டைப் பாருங்க. அது ஆடாது."

"தரையில இறக்குங்கய்யா..."

"இறக்கிடலாம் சார். குழுவோட குறிப்புக்கு ஒண்ணு மட்டும். நீங்க இப்பத் தரையில இல்லியா?"

"இல்லய்யா! இல்ல! நான் தரையில இல்ல!"

தட்டச்சர் நின்றபடியே எழுதினாள்: "தாம் தரையில் இல்லை என்பதைக் குழுத் தலைவர் மூன்று முறை உறுதிப்படுத்தினார்." துறைமுகத்தில் வாக்கிடாக்கியில் பேசுவதெல்லாம் கட்டுப்பாட்டு அறைப் பதிவேட்டிலும் நேரத்தோடு ஏறிவிடும். அதிலும் ஏறியது.

இருநூற்றுப் பன்னிரண்டு படிகளையும் அவர் உட்கார்ந்த நிலையிலேயே இறங்கினார். கழுகண்ணன் ஒவ்வொரு படிக்கும் எண் சொல்லிக்கொண்டே இருந்தார். இரண்டு மணி நேரம் ஆயிற்று. கடைசிப் படியில் கண்காணிப்பாளர் அவர் கையைப் பிடித்துக்கொண்டார். விட மனமில்லாமல்தான் விட்டார்.

முன்மொழிவு அப்படியே படுத்துவிட்டது. ஆனால் கண்காணிப்பாளருக்கு அதோடு தீரவில்லை. நான்காவது மாடியில் ஜன்னல் பக்கம் போனாலே அவருக்கு வியர்த்தது. மருத்துவர் பரிசோதித்துப் பழைய படிவத்தையே எடுத்தார். கோட்டின்மேல் ஒரு இலக்கத்துக்குத்தான் இடம். "3" என்று எழுதினார்.

சுற்றறிக்கை உடனே ரத்தானது. அது இருந்தால் கண்காணிப்பாளரும் தரையில்தான் இருக்கிறார் என்றாகிவிடும். கழுகண்ணன் இன்னும் நான்காவது மாடியில்தான் இருக்கிறார் என்பது இந்த முறையும் யாருக்கும் தோன்றவில்லை. அவரைத் தரைத்தளத்தில் தபால் பிரிவுக்கு மாற்றினார்கள். தபால் பிரிவில் சம்பளம் குறைவு. கண்காணிப்பாளர் அந்த ஒரே வரி விதியைக் காட்டி விண்ணப்பித்தார். இருபது வருடத்தில் முதல்முறையாக விதி வெளியே வந்தது. பொதுமேலாளர் ஒரே மதியத்தில் ஒப்புதல் அளித்தார். புதுக் கண்காணிப்பாளர் வரும்வரை பணி முறிவு பற்றிய விளக்கங்களை இவரே தரலாம் என்றும் அதில் ஒரு வாசகம் இருந்தது.

இனி அதைப் பணிப்பதிவேட்டில் ஏற்ற வேண்டும். ஊழியர்களின் பணிப்பதிவேடுகள் ஆவண அறையில் இருக்கின்றன. அவற்றைக் கொண்டுபோய் உரியவரிடம் கட்டங்களைப் பூர்த்திசெய்து வாங்குவது ஆவண அறை உதவியாளரின் வேலை. கண்காணிப்பாளரின் பதிவேடு மேல்தட்டில் இருந்தது. தட்டச்சர் முக்காலியில் ஏறி எடுத்துக் கொடுத்தாள்.

கழுகண்ணன் தரைத்தளத்துக்கு வந்து பதிவேட்டை மேசைமேல் விரித்தார்.

"விடுவிக்கப்பட்ட நாள், சார்?"

"வெள்ளிக்கிழமை சாயங்காலம்."

"சேர்ந்த நாள்?"

"திங்கக்கிழமை காலை."

பேனா அடுத்த கட்டத்தில் நின்றது. கட்டத்தின் தலைப்பு: இடைவெளி. கழுகண்ணன் கேலியாகக் கேட்கவில்லை. கட்டம் காலியாக இருந்தது, அதனால் கேட்டார்.

"சனி, ஞாயிறு எங்க இருந்தீங்க சார்?"

கண்காணிப்பாளர் வாயைத் திறந்தார். "வீட்டுல," என்றார்.

"யாராச்சும் பார்த்தாங்களா?"

அறையில் தபால் முத்திரை குத்தும் சத்தம் நின்றது. கண்காணிப்பாளர் கோப்பைத் தேடினார். மேசையில் கோப்பு இல்லை. எதிரில் இருந்தவரைப் பார்க்க வேண்டியதாயிற்று. பார்த்தார். ஒரு கணம் அப்படியே நின்றார், வீச்சின் கடைசிக்குப் போன பெட்டி மாதிரி.

பிறகு பேனாவை வாங்கி அந்தக் கட்டத்தில் எழுதினார்: "சனியும் ஞாயிறும் விடுமுறை நாட்கள். விடுமுறையில் பணி முறிவதில்லை." கையெழுத்தும் தேதியும் போட்டார்.

"இது உங்களுக்கு மட்டுமா சார், இல்ல பொதுவா?"

"தனி ஆளுக்கு விளக்கம் எழுத முடியாதுய்யா. தணிக்கையில மாட்டிக்கும். எழுதினா எல்லாருக்கும்தான்."

கழுகண்ணன் கக்கத்தில் இடுக்கியிருந்த இன்னொரு பதிவேட்டை எடுத்து, முதலாவதின்மேல் விரித்தார். அவருடையது. கீழ்த்தட்டில் இருந்ததால் அவரே எடுத்துவந்திருந்தார். அதே கட்டம் பதினான்கு மாதமாகக் காலியாக இருந்தது.

"அப்ப இதுலயும் அதே வரியை எழுதிடுங்க சார்."

கண்காணிப்பாளர் எழுதினார். கழுகண்ணன் சுவர்க் கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். முப்பத்தைந்து வினாடி. கப்பலிலிருந்து ஒரு பெட்டியை எடுத்து லாரியில் வைக்க அவருக்கு ஆன நேரம் இதைவிட அதிகம்.

அன்று மாலை தியேட்டர் கவுண்டர் முன் வரிசை நின்றது. கழுகண்ணனும் வரிசையில் நின்று, தன் முறை வந்ததும் ஓட்டை வழியாகப் பதிவேட்டின் நகலைத் தள்ளினார். மனைவி படித்தாள். பின்னால் நின்றவர்கள் முணுமுணுக்க ஆரம்பித்தார்கள்.

"நாளையிலேர்ந்து ரெண்டு ஆட்டம்தான் உக்காருவேன்," என்றாள். பிறகு குனிந்து, "ஏங்க, அந்த ஆளு நிஜமாவே வீட்டுலதான் இருந்தாரா?"

"யாருக்குத் தெரியும்? யாரும் பார்க்கல."